அரணா, அரனா, அறனா?

குழந்தைப் பெயர் நூல்களுக்குத் தமிழில் பஞ்சமே இல்லை. பேருந்து நிலையக் கடையில் தொங்கும், கோயில் வாசலில் பஞ்சாங்கத்தோடு அடுக்கியிருக்கும், புத்தகக் காட்சியில் அரங்குக்கு அரங்கு கிடைக்கும். பெரும்பாலும் எல்லாம் ஒரே வார்ப்பு. இடப்பக்கம் பெயர், வலப்பக்கம் ஒற்றைச் சொல்லில் பொருள்: 'அழகானவள்', 'வெற்றியாளன்', 'ஒளி மிக்கவன்'. அந்தப் பொருளை யார் சொன்னது, அது எந்த மொழிச் சொல், எங்கே வந்திருக்கிறது என்று ஒரு வரிகூட இராது. ஒரு நூலைப் பார்த்து இன்னொரு நூல், அதைப் பார்த்து இணையப் பட்டியல், பட்டியலைப் பார்த்து மறுபடியும் நூல் என்று பிழை ஊரைச் சுற்றிக்கொண்டே இருக்கிறது.

அப்படிப்பட்ட ஒரு நூலின் திருத்திய பதிப்பைக் கொண்டுவர சென்னையில் ஒரு சிறு பதிப்பகம் முடிவு செய்தபோது, உதவி ஆசிரியனாக அங்கே சேர்ந்தேன். பொறுப்பாசிரியர், அகராதிப் பணியில் நீண்ட காலம் இருந்து ஓய்வுபெற்ற தமிழ்ப் பேராசிரியை. பதிப்பகத்தில் எல்லோருக்கும் அவர் 'அம்மா'. பெயர்களைத் திருத்தும் வேலையை எடுத்த எடுப்பில் அவர் என்னிடம் கொடுக்கவில்லை. லெக்சிகனைக் கொடுத்து, "தேடாதீங்க தம்பி, படிங்க" என்றார்.

லெக்சிகன் என்று எங்கள் வட்டாரத்தில் சொல்வது சென்னைப் பல்கலைக்கழகத்தின் தமிழ்ப் பேரகராதியை. 1924 முதல் 1936 வரை ஆறு தொகுதிகளாக வந்தது, 1939இல் அனுபந்தம். பெரும்பகுதிக்கு ஆசிரியராக இருந்தவர் எஸ். வையாபுரிப் பிள்ளை. ஒரு தலைச்சொல்லை எடுத்தால் அது வேற்றுமொழியிலிருந்து வந்ததா என்ற குறிப்பு, வரிசை எண்ணிட்ட பொருள்கள், ஒவ்வொரு பொருளுக்கும் பின்னால் அடைப்புக்குள் ஒரு சுருக்கம் என்று இருக்கும். புறநா., சிலப்., மணி., திவ்., பிங்., சூடா. இந்தச் சுருக்கங்களைப் படிக்கத் தெரிவதுதான் தொழிலின் பாதி என்பார் அம்மா. 'புறநா.' என்றிருந்தால் ஒரு புலவர் அந்தப் பொருளில் அந்தச் சொல்லை ஆண்டிருக்கிறார். 'பிங்.' என்று மட்டும் இருந்தால் பிங்கல நிகண்டு அந்தப் பொருளைச் சொல்கிறது, அவ்வளவுதான். பாட்டிலோ உரைநடையிலோ யாராவது அப்படி எழுதினார்களா என்று தனியாகப் பார்க்க வேண்டும். பெயர் நூல்களில் காணும் விசித்திரமான பொருள்கள் பல, நிகண்டில் மட்டும் உள்ளவை. அவற்றைப் பொய் என்று தள்ள முடியாது. வாழும் பொருள் என்று அச்சிடவும் முடியாது. எங்கள் பதிப்பில் அவற்றுக்கு 'நிகண்டு வழக்கு' என்ற குறிப்பு உண்டு.

பிறகு பெயர்களுக்கு வந்தோம். பழைய நூலின் ஒவ்வொரு பெயருக்கும் எக்செல் தாளில் ஒரு வரிசை: பெயர், மொழி, சொல்லின் வேர், பொருள், சான்று. கடைசிக் கட்டம் காலியாக இருந்தால் அந்த வரிசை அச்சுக்குப் போகாது. நான் எதை எடுத்துக்கொண்டு போனாலும் அம்மா கேட்பது ஒன்றுதான்: "எந்த நூல்ல இருக்கு?"

வடக்கிலிருந்து வந்து இங்கேயும் பரவிவிட்ட பெயர் ஆரவ். பழைய நூலில் அதற்குப் பொருள் 'அமைதியானவன்'. மோனியர் வில்லியம்சின் சமஸ்கிருத அகராதி, 1899ஆம் ஆண்டுப் பதிப்பு, 'ஆரவ' என்பதற்குத் தரும் பொருள்கள் கூச்சல், ஓசை, இரைச்சல். தமிழனுக்கு அகராதிகூட வேண்டாம்; 'ஆரவாரம்' நம் அன்றாடச் சொல். அப்படியிருக்க, 'அமைதி' எங்கிருந்து வந்தது? 'ரவ' என்றால் ஒலி. அதன் முன் குறில் அகரம் எதிர்மறையாகச் சேர்ந்தால் ஒலியற்றது. நெடில் சேர்ந்தால் ஒலி எழுகிறது. ஆங்கில எழுத்தில் குறிலும் நெடிலும் ஒன்றாகிவிட, குறிலுக்குரிய பொருள் நெடிலில் போய் ஒட்டிக்கொண்டிருக்க வேண்டும் என்பது அம்மாவின் கணிப்பு. பிழையைக் கண்டுபிடிப்பதோடு வேலை முடியாது, அது எந்த வழியாக வந்திருக்கும் என்றும் யோசிக்க வேண்டும். அதே வழியில் இன்னும் பத்துப் பெயர்கள் வந்திருக்கும் என்று அவர் சொல்வார்.

அந்தப் பெயரை நாங்கள் நீக்கவில்லை. அதை வைத்திருக்கும் பிள்ளைகள் எத்தனையோ பேர் பள்ளிக்கூடம் போய்க்கொண்டிருக்கிறார்கள். 'ஒலி, முழக்கம்' என்று மாற்றினோம். 'கூச்சல்' என்றும் எழுதலாம்தான். உண்மையான பொருள்களுக்குள்ளே குழந்தைக்கு அழகானதைத் தேர்ந்தெடுக்க நமக்கு உரிமை உண்டு, உண்மைக்கு வெளியே போகத்தான் உரிமை இல்லை என்று அம்மா அப்போது சொன்னதை நான் இன்றும் ஒவ்வொரு பெயரிலும் கைக்கொள்கிறேன்.

பெயர் தமிழ்தானா என்பதற்கு முதல் அடையாளம் அதன் முதலெழுத்து. தொல்காப்பியம் வகுத்த மொழிமுதல் எழுத்துகளில் ட, ர, ல கிடையாது. யகரம் 'யா' என்று மட்டும் வரும். ஆகவே யாழில் தொடங்கும் பெயருக்கு இடம் உண்டு. யுவனும் லாவண்யாவும் ரோஷனும் வெளியிலிருந்து வந்தவர்கள். இது எளிய வடிகட்டி. ஆனால் ஒரு பக்கம்தான் வடிகட்டும். விதிக்கு ஒத்துவருவதெல்லாம் தமிழ் ஆகிவிடாது. அகிலன் பச்சைத் தமிழாகத்தான் ஒலிக்கிறது. சமஸ்கிருதத்தில் 'கில' என்றால் பயிரிடாத இடைவெளி நிலம். 'அகில' என்றால் இடைவெளி இல்லாதது, முழுமை. அதிலிருந்து வந்ததுதான் உலகம் என்ற பொருளில் நாம் வழங்கும் அகிலம்.

சோதிடர் எழுதிக்கொடுக்கும் நட்சத்திர எழுத்துகளை இந்த இடத்தில் சொல்லியாக வேண்டும். அசுவினிக்குச் சு, சே, சோ, லா. திருவாதிரைக்குக் கு, க, ங, ச. இந்த அட்டவணை சமஸ்கிருத ஒலிகளுக்காக அமைந்தது. அசுவினி நான்காம் பாதத்தில் பிறந்த குழந்தைக்கு 'லா'வில் தமிழ்ப் பெயர் கேட்டால் தமிழில் அந்தக் கதவே கிடையாது. 'ங'வில் பெயர் தேடுபவர் நிலைமை அதைவிடக் கடினம். எழுத்து முதலில் நிச்சயமாகி, ஒலி அதற்கேற்பச் செய்யப்பட்டு, பொருள் கடைசியில் ஒட்டப்படுகிறது. வேரே இல்லாத பெயர்கள் இத்தனை பெருகியதற்கு இது ஒரு பெரிய காரணம் என்று நினைக்கிறேன். அப்படிப்பட்ட பெயரை வைப்பவரைக் குறை சொல்ல நான் யார்? ஆனால் 'சமஸ்கிருதத்தில் ஒப்பற்றவன் என்று பொருள்' என்று அதற்கு ஒரு போலிச் சான்றிதழ் கொடுக்கும் நூலைக் குறை சொல்லத்தான் வேண்டும்.

என்னை நிறைய நேரம் பிடித்து நிறுத்திய பதிவு 'அரன்'. பழைய நூல் அதற்கு 'சிவன், காவல், அறம்' என்று மூன்று பொருள் கொடுத்திருந்தது. மூன்றும் சரியான பொருள்கள். ஆனால் அவை மூன்று வேறு சொற்களுக்கு உரியவை. அரண் என்றால் கோட்டை, காவல். திருக்குறளில் 75ஆம் அதிகாரம் முழுக்க அதைப் பற்றியது. அறன் என்பது அறம்தான். நிலம் 'நிலன்' ஆவது போல இறுதி மகரம் னகரமாகியிருக்கிறது. குறளின் 4ஆம் அதிகாரத்துக்கே 'அறன் வலியுறுத்தல்' என்றுதான் பெயர். அரன் சிவபெருமான், 'ஹர' என்ற வடசொல் தமிழ் வடிவம் கொண்டு தேவாரத்தில் நிறைந்திருக்கிறது. யாரோ ஆங்கில எழுத்தில் பட்டியல் தொகுத்து, அங்கே மூன்றும் ஒன்றாகி, பிறகு தமிழுக்குத் திரும்பும்போது ஒரு வடிவத்தோடு மூன்று பொருளும் வந்து இறங்கிவிட்டன. மாறனுக்கும் மாரனுக்கும் இதே கதி. வல்லின றகரம் போட்டால் பாண்டியன், இடையின ரகரம் போட்டால் மன்மதன்.

அந்தச் சமயத்தில் பதிப்பகத்துக்கு ஓர் இளம் தந்தை வந்தார். மகனுக்கு அந்தப் பெயரை வைத்துவிட்டார்கள். பிறப்புச் சான்றிதழில் ஆங்கிலத்தில் எழுதத் தடையில்லை, தமிழில் எந்த எழுத்து என்று வீட்டில் ஒரே வாக்குவாதம். அம்மா அவரை உட்காரவைத்து மூன்றையும் மெதுவாகச் சொல்லிக் காட்டினார். ணகரத்துக்கு நாக்கின் நுனி மேலே வளைவதையும், றகரத்தில் ஒலி அழுந்துவதையும் அவரையே சொல்லிப் பார்க்கவைத்தார். பிறகு, "நீங்க எதை நெனச்சு இந்தப் பேரை வச்சீங்க?" என்று கேட்டார். "எங்க தாத்தா பேரு அறவாழிங்கம்மா. அதுல பாதியாவது இருக்கட்டும்னு எங்கப்பா சொன்னார்." அதற்குமேல் அகராதிக்கு அங்கே வேலை இல்லை. வல்லின றகரம், அந்த றகரத்துக்கு இனமான னகரம், அறன். அவசரமே வேண்டாம் என்றும் சொல்லி அனுப்பினார். சான்றிதழில் பெயரைப் பிறந்த ஓராண்டுக்குள் கட்டணமில்லாமலும், அதன்பின் 15 ஆண்டுகள் வரை தாமதக் கட்டணம் கட்டியும் சேர்க்க முடியும். பெயர் வைக்கும் நாளன்றே எழுத்தையும் முடித்துவிட வேண்டும் என்ற கட்டாயம் இல்லை.

ஆதிரா இன்னும் சிக்கலானது. நூலில் 'மின்னல், வலிமை மிக்கவள்' என்றிருந்தது. நம் ஆதிரை விண்மீன், திருவாதிரை. சமஸ்கிருத 'ஆர்த்ரா', ஈரம் உடையது என்ற பொருள், அதற்கு மூலம். மணிமேகலையில் அமுதசுரபியில் முதல் பிச்சையிட்ட பெண்ணின் பெயரும் ஆதிரை. மலையாளத்தில் அதுவே ஆதிர. இதில் மின்னல் எங்கே வந்தது? மோனியர் வில்லியம்சில் 'அதீரா' என்று வேறொரு சொல் இருக்கிறது. தீரம் இல்லாதது, நிலைகொள்ளாதது என்பது அதன் அடிப்படைப் பொருள். நிலைகொள்ளாமல் வெட்டி மறைவதால் மின்னலுக்கு அது பெயராயிற்று. ஆக, மின்னல் என்பது உண்மையான பொருள்தான், ஆனால் வேறு பெயருக்கு உரியது. 'வலிமை மிக்கவள்' என்பதோ 'தீர' என்ற பகுதியை மட்டும் பார்த்து, முன்னால் நிற்கும் எதிர்மறையைக் கவனிக்காதவர் எழுதியது. அந்த ஒரு பதிவை இரண்டாகப் பிரித்தோம். ஆதிரைக்கு மணிமேகலை சான்று; அதீராவுக்கு அகராதி சான்று.

இந்த இரண்டு பதிவுகளுக்குப் பிறகு ஒரு பழக்கம் எனக்குப் படிந்தது. பெயரை முதலில் அதன் சொந்த எழுத்தில் எழுதிப் பார்க்காமல் அகராதியைத் திறப்பதில்லை. அரபுப் பெயர்களில் இது இல்லாமல் ஓர் அடிகூட நகர முடியாது. நூலில் 'அலீம்: அறிந்தவன்' என்று இருந்தது. அம்மா என்னைத் திருவல்லிக்கேணியில் மதரசாவில் பாடம் சொல்லும் ஒரு ஹஜ்ரத்திடம் அனுப்பினார். அவர் ஒரு தாளில் வலமிருந்து இடமாக மூன்று சொற்களை எழுதினார். 'அய்ன்' எழுத்தில் தொடங்கும் அலீம், அறிவு மிக்கவன். 'ஹா'வில் தொடங்கும் ஹலீம், பொறுமை உள்ளவன். 'அலிஃப்'பில் தொடங்கும் அலீம், வேதனை தருவது. தண்டனையைச் சொல்லும் இடங்களில் வரும் சொல் அது. "தமிழ்ல எழுதினா முதலும் மூணாவதும் ஒண்ணுதான் தம்பி. அதனால அரபு எழுத்தையும் பக்கத்துல போடுங்க. போடாம அர்த்தம் மட்டும் எழுதாதீங்க" என்றார். அவர் சொன்னபடியே முஸ்லிம் பெயர்ப் பகுதி முழுவதும் செய்தோம். அனயா என்ற பெயருக்கும் அது உதவியது. சமஸ்கிருத 'அநய' தீய நெறி, கேடு. அரபியின் 'இனாயா' பரிவு, கவனிப்பு. இரண்டும் பட்டியல்களில் ஒரே பெயராகத் திரிகின்றன.

ஒலி ஒத்திருப்பதை வைத்து உறவு கொண்டாடுவதும் அடிக்கடி வரும். கவின் தமிழில் அழகு, சங்கப் பாடல்களிலேயே உள்ள சொல். ஐரிஷ் மொழிப் பெயரான கெவினுக்கும் வேரில் அழகு, மென்மை என்ற பொருள் உண்டு. இரண்டுக்கும் தொடர்பு இல்லை, தற்செயல். தற்செயல் என்றே எழுத வேண்டும்.

கிறித்தவப் பெயர்களில் நான் மிகவும் ரசித்தது பழைய கத்தோலிக்கத் தமிழின் மொழிபெயர்ப்புப் பெயர்கள். யோவான் என்ற எபிரேயப் பெயருக்குக் கடவுள் அருள்கூர்ந்தார் என்று பொருள்; அதனால் அவர் அருளப்பர். பவுல் என்ற பெயரின் இலத்தீன் மூலத்துக்குச் சிறியவர் என்று பொருள். அதனால் அவர் சின்னப்பர். வீரமாமுனிவரின் தேம்பாவணியில் யோசேப்பு, வளன். இந்தச் செய்தி தெரியாமல் 'சின்னப்பன்: சித்தப்பா' என்று எழுதினால் ஒரு பெருங்கூட்டத்தின் வரலாறு போய்விடும். 'சின்னப்பன்: புனித பவுல்' என்று மட்டும் எழுதினால் பக்கத்து ஊரில் சித்தப்பன் பெயரை மகனுக்கு வைத்த இந்துக் குடும்பம் விடுபட்டுப்போகும். இரண்டு வழியையும் எழுதினோம். பெயர் ஒன்றாக இருந்தாலும் குடும்பத்தைக் கேட்காமல் மூலத்தைச் சொல்ல முடியாத பெயர்கள் இவை.

தமிழா, வடமொழியா என்று சண்டை வரும் பெயர்களில் அம்மா நிதானமாக இருப்பார். இலக்கியா ஓர் உதாரணம். லெக்சிகன் இலக்கியம் என்ற சொல்லை 'லக்ஷ்ய' என்பதிலிருந்து வருவிக்கிறது. தேவநேயப் பாவாணர் வழி வந்தவர்கள் இலக்கு என்ற தமிழ்ச் சொல்லிலிருந்து வருவிக்கிறார்கள். இரண்டையும், சொன்னவர் யார் என்பதோடு எழுதிவிட்டோம். நூல் வாங்குபவர் தீர்மானிக்கட்டும்.

ஆனால் 'சங்க காலப் பெயர்' என்று எழுதும் விஷயத்தில் அவர் விட்டுக்கொடுக்க மாட்டார். யாழினிக்கு நூலில் அப்படி இருந்தது. யாழ் சங்க காலத்துக் கருவி, சொல்லும் அப்போதே உள்ளது. யாழினி என்ற பெயர் நம் காலத்து ஆக்கம். சங்கப் புலவர் வரிசையில் உள்ள பெண்களின் பெயர்கள் நச்செள்ளை, நக்கண்ணை, மாசாத்தி, வெள்ளிவீதி என்று போகும். இன்று அவற்றை வைப்பவர் அரிது. புதிய பெயர் என்பதில் என்ன குறை இருக்கிறது? மறைமலையடிகள் வேதாசலம் என்ற தம் பெயரை வேதத்துக்கு மறை, அசலத்துக்கு மலை என்று மாற்றிக்கொண்டது தனித்தமிழ் இயக்கம் தொடங்கிய 1916ஐ ஒட்டித்தான். சூரியநாராயண சாஸ்திரி பரிதிமாற் கலைஞரானார், நாராயணசாமி நெடுஞ்செழியனானார், இராமையா அன்பழகனானார். அவர்களைப் பார்த்துத் தமிழ்நாட்டு வீடுகளில் எத்தனை அன்பழகன்கள்! இந்த நூறாண்டுக் கதையே பெருமைக்கு உரியது. ஈராயிரம் ஆண்டு என்று கூட்டிச் சொல்ல வேண்டிய தேவை யாழினிக்கு இல்லை. எங்கள் நூலில் அவளுக்கு 'புத்தாக்கம்' என்று போட்டிருக்கிறோம். 'யாழ்' பழஞ்சொல் என்ற குறிப்போடு.

பழமைக்குச் சான்று வேண்டுமென்றால் கல்வெட்டில் தேட வேண்டும். நொபொரு கராஷிமா, எ. சுப்பராயலு, தோரு மட்சுயி மூவரும் சோழர் கல்வெட்டுகளில் வரும் ஆட்பெயர்களை மூன்று தொகுதிகளாகத் தொகுத்து 1978இல் வெளியிட்டார்கள். அதைப் புரட்டத் தொடங்கினால் வேலை ஓடாது. தஞ்சைப் பெரிய கோயில் கல்வெட்டில், முதலாம் இராசராசன் பல ஊர்க் கோயில்களிலிருந்து கொண்டுவந்து குடியமர்த்திய 400 தளிச்சேரிப் பெண்டுகளின் பெயர்கள் இருக்கின்றன. தெருவும் சிறகும் வீட்டு வரிசையும் சொல்லி, இன்ன ஊர்க் கோயிலிலிருந்து வந்த நக்கன் இன்னாள் என்று ஒவ்வொருத்தியும் தனித்தனியாகப் பொறிக்கப்பட்டிருக்கிறாள். ஆளுக்கு ஒரு பங்கு, ஆண்டுக்கு 100 கலம் நெல். சோழகுலசுந்தரி என்று ஒருத்தி. மறைக்காடு என்று ஒருத்தி. வேதாரணியத்தின் பழம்பெயரே அவள் பெயர். எடுத்தபாதம் என்று ஒருத்தி. தில்லைக் கூத்தன் தூக்கிய திருவடியை ஒரு பெண் குழந்தைக்குப் பெயராக வைத்திருக்கிறார்கள். ஆயிரம் ஆண்டு கடந்து, கல்லில், ஆள் இருந்த வீட்டு வரிசையோடு சான்று உள்ள பெயர் அது. எந்தக் குழந்தைப் பெயர் நூலிலும் நான் அதைக் கண்டதில்லை. எங்கள் பதிப்பில் இருக்கிறது.

கடைசியாக நாங்கள் சேர்த்தவை, யாரும் இனி குழந்தைக்கு வைக்கப்போவதில்லை என்று பதிப்பகத்தில் சிலர் தயங்கிய பெயர்கள்: குப்பன், குப்பம்மாள், பிச்சை, போதும்பொண்ணு. பிறந்த குழந்தைகள் அடுத்தடுத்துத் தவறிய வீட்டில், அடுத்துப் பிறந்ததைக் குப்பைமேட்டில் கிடத்தி எடுத்து, 'இது எங்கள் பிள்ளையில்லை, குப்பையில் கிடைத்தது' என்று காலனை ஏமாற்ற வைத்த பெயர் குப்பம்மாள். பிறரிடம் பிச்சையாகப் பெற்றது போலச் சடங்கு செய்து வைத்தது பிச்சை. அகராதியை மட்டும் பார்த்தால் குப்பை, இரப்பு என்றுதான் வரும். அந்தப் பொருளிலும் பிழையில்லை. ஆனால் அந்தத் தாய் அந்தச் சொல்லை எதற்காகத் தேடிப் பிடித்தாள் என்பதை அகராதிக் கட்டத்தில் எழுத இடமில்லை. போதும்பொண்ணு வேறு வகை. பெண் பிறந்தது போதும் என்று அலுத்த வீடு வைத்த பெயர், அதைச் சுமந்தவள் வாழ்நாள் முழுக்கச் சுமந்தாள். ஒன்று உயிரைக் காக்க வைத்தது, மற்றது வேண்டாமென்று வைத்தது. இரண்டையும் 'பழங்காலக் கிராமியப் பெயர்கள்' என்று ஒரே மூட்டையாகக் கட்டுவது அநியாயம்.

இதற்காகவே தாளில் 'வைத்த காரணம்' என்று இன்னொரு கட்டம் திறந்தோம். எல்லாப் பெயருக்கும் அது நிரம்பாது. நிரம்பும் இடங்களில் அச்சில் வரும். பேரன் பேத்திகள் குழந்தைக்குப் பெயர் தேட வரும்போது பாட்டியின் பெயரையும் எடுத்துப் பார்ப்பார்கள் என்றார் அம்மா. குப்பம்மாள் என்ற தலைச்சொல்லுக்கு எதிரே அவர்கள் முதலில் படிப்பது, தவறிப்போன பிள்ளைகளுக்குப் பின் பிழைக்க வேண்டும் என்று வைத்த பெயர் என்ற வரி. சொற்பொருள் அதற்கு அடுத்த வரியில் வருகிறது.